தெருவுக்கு முதுகு காட்டி நிற்கும் வீடு

நியூயார்க் பக்கம் இருக்கும் தமிழர்களில் பாதிப் பேருக்காவது அந்தத் தெருப் பெயர் தெரிந்திருக்கும். ஃப்ளஷிங் பிள்ளையார் கோயில் இருப்பது 45-57, பௌன் ஸ்ட்ரீட். 1977 ஜூலை 4 அன்று கும்பாபிஷேகம் கண்ட கோயில். வல்லப கணபதியைக் கும்பிட்டுவிட்டு நிலத்தடி கேன்டீனில் இறங்கித் தோசை சாப்பிடாமல் எங்கள் சனிக்கிழமை முடிந்ததே இல்லை. ஐந்து வருடம் அப்படிப் போய்க்கொண்டிருந்தேன். ஜி.பி.எஸ்-ஸில் பௌன், அர்ச்சனைச் சீட்டில் பௌன், வீட்டுக்கு வரும் கோயில் தபாலிலும் பௌன். அது ஒரு ஆளின் பெயராக இருக்கும் என்று ஒரு நாளும் நினைத்ததில்லை. நாலாம் வகுப்பு படிக்கும் என் மகள்தான் ஒரு வீட்டுப்பாடத்தைத் தூக்கிக்கொண்டு வந்து கேட்டாள்: "அம்மா, நம்ம கோயில் தெருவுல இருக்காரே, பௌன், அவரு யாரும்மா?"

அவளுக்காகத்தான் படிக்க ஆரம்பித்தேன். இரண்டு பக்கம் தாண்டுவதற்குள் அது அவளுடைய வீட்டுப்பாடமாக இல்லாமல் போய்விட்டது. ஜான் பௌன் என்ற அந்த விவசாயி 1662இல் கைது செய்யப்பட்டிருக்கிறார். செய்த குற்றம், தன் வீட்டில் நாலு பேரைக் கூட்டி வழிபாடு நடத்தியது. அந்த வரியைப் படித்ததும் லேப்டாப்பை மூடி வைத்துவிட்டு எழுந்து போய்ப் பாத்திரம் கழுவினேன். சென்னையில், தாம்பரத்துக்குத் தெற்கே நாங்கள் குடியிருந்த அடுக்குமாடியின் மூன்றாவது மாடி கண்முன் வந்து நின்றது. அதைப் பிறகு சொல்கிறேன். முதலில் பௌன்.

சமையலறையில் நடந்த குற்றம்

அப்போது நியூயார்க் கிடையாது, நியூ நெதர்லாந்து. டச்சு மேற்கிந்தியக் கம்பெனியின் இடம். அதை ஆண்டுகொண்டிருந்தவர் பீட்டர் ஸ்டைவசன்ட், கால்வினியர் என்ற கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்த கண்டிப்பான ஆள். 1657இல் இங்கிலாந்திலிருந்து குவேக்கர்கள் என்ற இன்னொரு கிறிஸ்தவப் பிரிவினர் வந்து இறங்கினார்கள். பாதிரி வேண்டாம், சடங்கு வேண்டாம், ஒவ்வொரு மனிதருக்குள்ளும் ஓர் ஒளி இருக்கிறது, சும்மா உட்கார்ந்து அதற்குக் காத்திருந்தால் போதும் என்பவர்கள். அதிகாரி முன்னால் தொப்பியைக் கழற்ற மாட்டார்கள், சத்தியப் பிரமாணம் செய்ய மாட்டார்கள். ஆளுகிறவருக்குக் கோபம் வர இவ்வளவு போதாதா? ராபர்ட் ஹாட்ஜ்சன் என்ற இளம் போதகரைத் தள்ளுவண்டியோடு பிணைத்து வேலை செய்யச் சொன்னார்கள். மறுத்தபோது சாட்டையால் அடித்தார்கள். ஸ்டைவசன்டின் சொந்தச் சகோதரி பரிந்து பேசிய பிறகுதான் விட்டார்கள். குவேக்கர்களுக்கு வீட்டில் இடம் கொடுப்பவர்களுக்கும் தண்டனை என்று உத்தரவு வந்தது.

பௌன் பிறவிக் குவேக்கர் இல்லை. அவருடைய மனைவி ஹன்னாதான் முதலில் அந்தக் கூட்டங்களுக்குப் போனவர். கூட்டங்கள் காட்டுக்குள் மரத்தடியில் நடந்தன. என்னதான் செய்கிறார்கள் என்று பார்க்கப் பௌனும் போனார். போனவர் அவர்களைத் தன் வீட்டுக்கே அழைத்துவிட்டார். 1661 வாக்கில் கட்டிய அந்த வீடு இன்னும் இருக்கிறது, 37-01 பௌன் ஸ்ட்ரீட். பிள்ளையார் கோயிலிலிருந்து அதே தெருவில் வடக்கே நடந்தால் வந்துவிடும். நடுவில் சுவாமிநாராயண் மந்திர் ஒன்று, செங்கல் நிறத்தில் ஒரு பழைய சர்ச் ஒன்று. பக்கத்துத் தெருக்களில் யூதர்களின் ஜெபக்கூடம், குருத்வாரா. அந்த வீட்டில் கூட்டம் நடத்தியதற்குத்தான் பௌனுக்குக் கைது, அபராதம், கட்ட மறுப்பு, சிறை. 1663 ஜனவரியில் கப்பலேற்றி நாடு கடத்திவிட்டார்கள். ஆம்ஸ்டர்டாமுக்குப் போய்ச் சேர்ந்த பௌன் நேராகக் கம்பெனி முதலாளிகளிடம் முறையிட்டார். அந்த ஏப்ரலில் ஸ்டைவசன்டுக்கு அவர்கள் எழுதிய கடிதத்தின் சாரம் இவ்வளவுதான்: மனச்சாட்சியைக் கட்டாயப்படுத்தாதே, கண்ணை மூடிக்கொள், அவரவர் நம்பிக்கை அவரவருக்கு. குடியேற ஆள் கிடைக்காமல் போய்விடுமே என்ற வியாபாரக் கணக்கும் அதில் இருந்தது. அதனால் என்ன? பௌன் 1664இல் வீடு திரும்பினார். கூட்டங்களும் திரும்பின. அதற்குப் பிறகு முப்பது வருடம் அந்த வீடுதான் ஃப்ளஷிங் குவேக்கர்களின் கூடுமிடம்.

மீட்டிங் ஹவுஸ்

பௌன் வீட்டைப் பார்த்துவிட்டு நார்தர்ன் புலவார்டுக்கு நடந்தால் அங்கே இருக்கிறது, குவேக்கர்கள் கூடுவதற்கென்றே கட்டிய கட்டடம். 1692இல் பௌனும் ஜான் ராட்மன் என்பவரும் சேர்ந்து நிலத்தை வாங்கினார்கள். 1694 நவம்பரில் உள்ளே முதல் கூட்டம். மறு வருடம் பௌன் இறந்து, அந்த நிலத்திலேயே புதைக்கப்பட்டார். கட்டி முடித்ததைப் பார்த்துவிட்டுப் போனார் என்பதில் எனக்கு ஒரு நிம்மதி. நியூயார்க் நகரத்தில் இன்றும் நிற்கும் வழிபாட்டு இடங்களில் இதுவே மிகப் பழையது. 330 வருடத்துக்குப் பிறகும் ஞாயிற்றுக்கிழமை காலையில் கதவைத் திறந்து ஆட்கள் போய் உட்காருகிறார்கள்.

அதற்கு முன் நூறு தடவையாவது அதைக் கடந்து போயிருப்பேன். ஆனால் பார்த்ததில்லை. காரணம் அங்கே போய் நின்றபோதுதான் புரிந்தது. கட்டடம் தெருவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறது. நார்தர்ன் புலவார்டில் ஆறு வரிசையாகக் கார்கள் ஓடும். அந்தப் பக்கம் தெரிவது பலகை வேய்ந்த, வயதான ஒரு பின்சுவர். வாசல் தெற்கே, வெயில் விழும் பக்கம், இடுகாட்டைப் பார்த்து. சுற்றிக்கொண்டுதான் போக வேண்டும். ராஜகோபுரம் நாலு தெருவுக்குத் தெரிய வேண்டும் என்று நினைக்கும் மரபில் வளர்ந்தவளுக்கு இது ஒரு நிமிடம் பிடிபடவில்லை. எங்கள் ஊரில் கோபுரம் தெரிந்தாலே கையெடுத்துக் கும்பிடுவோம். இங்கே கையெடுக்க ஒன்றும் இல்லை. சிலுவை இல்லை, மணிக்கூண்டு இல்லை. குவேக்கர்கள் இதை சர்ச் என்று சொல்வதும் இல்லை. சபை என்பது ஆட்கள், சுவர்கள் இல்லை என்பது அவர்கள் கொள்கை. சுவர்களுக்கு அவர்கள் வைத்த பெயர் 'மீட்டிங் ஹவுஸ்', கூடும் வீடு. மணிக்கூண்டு வைத்த சர்ச்சுகளை 'கூம்பு வீடு' என்பார்கள் பழைய குவேக்கர்கள்.

கூடும் வீடு என்ற பெயருக்கு முழுக்கப் பொருந்துவது அதன் கட்டுமானம்தான். நாலு பக்கமும் சரியும் கூரை மிகச் செங்குத்தானது. கீழே உள்ள இரண்டு தளச் சுவர் எவ்வளவு உயரமோ, ஏறக்குறைய அதே உயரம் கூரைக்கும். தூரத்திலிருந்து பார்த்தால் பெரிய வைக்கோல் போரை ஒரு தாழ்ந்த வீட்டின் மேல் கவிழ்த்த மாதிரி இருக்கிறது. உள்ளே எல்லாம் மரச்சட்டகம். 40 அடி நீள உத்திரங்கள், ஒவ்வொன்றும் ஒரே ஓக் மரத்தில் கையால் செதுக்கியது. என் தாத்தா தச்சு வேலை செய்தவர். சின்ன வயதில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து, ஒரு மரத்தில் துளையும் மறு மரத்தில் கழுந்தும் எடுத்து இரண்டையும் பொருத்தி, முளை அடித்து இறுக்குவதைப் பார்த்திருக்கிறேன். வாய்ச்சியால் செதுக்கிய மரத்துக்கு ஒரு மேடுபள்ளம் உண்டு. ரம்பத்தில் அறுத்த மரத்துக்கு அது வராது. அண்ணாந்து பார்த்தபோது தாத்தா இதை எவ்வளவு நேரம் தடவிக்கொண்டிருப்பார் என்றுதான் தோன்றியது. ஒட்டுப் போடாமல் 40 அடிக்கு ஒரே மரம் என்றால் அந்தக் காட்டில் எப்படிப்பட்ட மரங்கள் நின்றிருக்க வேண்டும்! அவற்றை வெட்டிச் செதுக்கி ஏற்றியவர்களுக்கு மரத்தின் மேல் கை நன்றாக ஓடியிருக்கிறது. கொடி, பூ, யாளி என்று செதுக்கத் தெரியாமல் விட்ட வேலை இல்லை இது. வேண்டாம் என்று விட்ட வேலை. அந்த இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் மரத்தில் தெரிகிறது.

இன்று நாம் பார்க்கும் கட்டடத்தில் கிழக்குப் பகுதிதான் 1694இல் கட்டியது. ஆட்கள் பெருகவே 1716 முதல் 1719க்குள் மேற்கே நீட்டிப் பெரிதாக்கினார்கள். முன்பக்கம் இரண்டு கதவுகள், ஆண்களுக்கு ஒன்று, பெண்களுக்கு ஒன்று. எல்லாருக்குள்ளும் ஒரே ஒளி என்று சொன்னவர்களுக்கு எதற்கு இரண்டு கதவு என்று என் மகள் கேட்டாள். சரியான கேள்வி. அந்தக் காலத்தில் நிர்வாகக் கூட்டங்களை ஆண்கள் தனியாக, பெண்கள் தனியாக நடத்தினார்கள். பிரித்து வைத்ததுதான், மறைக்க முடியாது. ஆனால் பெண்கள் தங்கள் கூட்டத்தைத் தாங்களே நடத்தி, கணக்கெழுதி, முடிவெடுத்தார்கள் என்பதும் அதே கதவில் இருக்கிறது. வழிபாட்டில் யார் வேண்டுமானாலும் எழுந்து பேசலாம். ஹன்னா பௌனே ஊர் ஊராகப் போன பிரசங்கி. கடல் கடந்து போய், பிரசங்கப் பயணத்தின் நடுவே லண்டனில் இறந்தவர். 17ஆம் நூற்றாண்டில் எத்தனை மதத்தில் ஒரு பெண்ணால் இது முடிந்திருக்கும்? அடிமைகளை வைத்திருக்கும் விஷயத்திலும் இந்தக் கூட்டம் சுத்தமாக இருந்துவிடவில்லை. உறுப்பினர்களில் சிலர் வைத்திருந்தார்கள். அதை எதிர்த்து 1718இலேயே எழுதிய வில்லியம் பர்லிங் என்பவரும் இதே ஃப்ளஷிங் குவேக்கர்தான்.

இடுகாட்டில் நின்றபோது இன்னொன்று தெரிந்தது. 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை இங்கே கல்லறைக் கல் நடுவதில்லை. செத்த பிறகும் ஒருவர் பெயர் இன்னொருவர் பெயரைவிட உயரமாக நிற்கக் கூடாது என்பது எண்ணம். தெரு, பள்ளி, பூங்கா என்று ஃப்ளஷிங் முழுக்கப் பெயர் இருக்கும் ஜான் பௌனுக்கு இங்கே ஒரு கல்கூட இல்லை. புல்லைப் பார்த்துத்தான் நின்றோம்.

கையெழுத்து

இப்போது மூன்றாவது மாடிக்கு வருகிறேன்.

எட்டு வருடம் இருக்கும். மகளுக்கு அப்போது இரண்டு வயது. மூன்றாவது மாடியில் ஒரு அக்கா, அவர் கணவர், கல்லூரி போகும் பையன். ஞாயிறு சாயங்காலம் அவர்கள் வீட்டில் பத்துப் பன்னிரண்டு பேர் கூடி ஜெபம் செய்வார்கள். மைக் கிடையாது. பாட்டு இரண்டு, மூன்று பாடுவார்கள். நாங்கள் நேர் கீழே இருந்தவர்கள், எங்களுக்கே மெல்லத்தான் கேட்கும். என் கணவர் ஊரில் இல்லாத ஓர் இரவில் எனக்குக் காய்ச்சல் ஏறி ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டி வந்தபோது, மகளை விடியும்வரை மடியில் போட்டுக்கொண்டிருந்தவர் அந்த அக்கா.

ஒரு நாள் குடியிருப்போர் சங்கத்திலிருந்து ஒரு தாள் வந்தது. குடியிருப்பு வீடுகளை வழிபாட்டுக் கூட்டங்களுக்குப் பயன்படுத்தக் கூடாது, வெளியாட்கள் வந்து போவதால் பாதுகாப்புக்கும் வண்டி நிறுத்தவும் இடைஞ்சல் என்று நாலு வரி. யார் பெயரும் இல்லை. எங்கள் தளத்தில் மாதம் ஒரு தடவை லலிதா சகஸ்ரநாமம் நடக்கும். அதற்கு வருபவர்கள் இவர்களைவிட அதிகம். அதற்கு இந்தத் தாள் பொருந்தாது என்பது கொண்டுவந்தவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அடுப்பில் குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. "எல்லாரும் போட்டுட்டாங்கம்மா, உங்களுதுதான் பாக்கி" என்றார். கதவு நிலையில் தாளை வைத்துப் போட்டுக் கொடுத்துவிட்டேன். அரை நிமிடம்கூட ஆகவில்லை. நாலு மாதத்தில் அவர்கள் வீட்டைக் காலி செய்துகொண்டு போனார்கள். இடையில் லிஃப்டில் பார்க்கும்போதெல்லாம் அக்கா மகளின் கன்னத்தைத் தொட்டு, "பாப்பா சாப்ட்டாளா?" என்று கேட்பார். எப்போதும் போல.

குவேக்கர்கள் கதையில் எனக்கு உறைத்த இடம் பௌனின் கைது இல்லை. அதற்கு ஐந்து வருடம் முன்னால் நடந்தது. 1657 டிசம்பர் 27 அன்று ஃப்ளஷிங் ஊர்க்காரர்கள் ஸ்டைவசன்டுக்கு ஒரு மனு எழுதினார்கள். வீட்டில் குவேக்கர்களைக் கூட்டியதற்காக ஹென்றி டவுன்செண்ட் என்பவருக்கு அபராதம் போட்டிருந்தார்கள். அது கிளப்பிய மனு. இந்த உத்தரவுக்கு எங்களால் கீழ்ப்படிய முடியாது என்கிறது அது. யூதருக்கும் துருக்கருக்கும் எகிப்தியருக்கும்கூட அன்பும் சமாதானமும் விடுதலையும் உண்டு, அவர்களும் ஆதாமின் பிள்ளைகள்தானே என்கிறது. எங்கள் வீட்டுக்கு வரும் யார் மேலும் கை வைக்க எங்களால் ஆகாது, மனச்சாட்சிப்படி வந்து போக விடுவோம் என்கிறது. 1645இல் இந்த ஊருக்குக் கொடுத்த சாசனத்திலேயே மனச்சாட்சிச் சுதந்திரம் இருக்கிறதே என்று நினைவூட்டுகிறது. எழுதியவர் ஊர் எழுத்தர் எட்வர்ட் ஹார்ட். கொண்டுபோய்க் கொடுத்தவர் டோபியாஸ் ஃபீக், ஊரின் ஷெரிஃப். 30 பேர் கையெழுத்து. அவர்களில் ஒருவர்கூடக் குவேக்கர் கிடையாது.

இதைத்தான் என்னால் தாண்டிப் போக முடியவில்லை. தங்களுக்காகக் கேட்டிருந்தால் எனக்குப் புரிந்திருக்கும். அடுத்த வீட்டுக்காரர் தன் அடுப்படியில் எப்படிக் கும்பிடுகிறார் என்பதற்காக, அதுவும் தங்களுக்கு ஒத்துவராத ஒரு கும்பிடுதலுக்காக, பெயரை எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். எழுதப் படிக்கத் தெரியாதவர்களும் இருந்தார்கள். அவர்கள் பெயருக்குப் பக்கத்தில் ஒரு குறி போட்டிருக்கிறார்கள், நம் ஊரில் கைநாட்டு வைப்பது போல. ஒருவர் வாசித்துக் காட்டியிருப்பார், இவர் கேட்டுவிட்டுக் குறி போட்டிருப்பார். என்ன எழுதியிருக்கிறது என்று வாசிக்கத் தெரிந்த நான் எதைப் போட்டேன்? ஃபீக்கும் ஹார்ட்டும் சிறைக்குப் போனார்கள். சிலர் பிறகு பயந்து மன்னிப்புக் கேட்டார்கள். அதைக் குறையாகச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. முதலில் போட்டார்கள் அல்லவா? அந்தத் தாள் இன்றும் நியூயார்க் மாநிலத் தலைநகர் ஆல்பனியில் அரசு ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது. 1911இல் நடந்த தீ விபத்தில் ஓரங்கள் கருகிவிட்டன.

உட்கார்ந்திருந்தது

ஒரு ஞாயிற்றுக்கிழமை மகளையும் கூட்டிக்கொண்டு மீட்டிங்குக்குப் போனேன். பெரிய ஆள்கூட்டம் இல்லை. பூச்சு இல்லாத பழைய பெஞ்சுகள், உட்கார உட்கார வழவழப்பானவை. மேடை இல்லை, எனவே எந்தப் பக்கம் பார்த்து உட்கார்வது என்று தெரியாமல் ஒரு ஓரமாக உட்கார்ந்தோம். யாரும் ஆரம்பித்து வைக்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்துத்தான் ஆரம்பித்துவிட்டது என்று புரிந்தது. பின்சுவருக்கு அப்பால் நார்தர்ன் புலவார்டில் பஸ் நின்று கிளம்பும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. முதுகைக் காட்டுவதால் சத்தம் நின்றுவிடுவதில்லை. ஆனால் அது நம்மைக் கூப்பிடுவதும் இல்லை.

கோயிலில் எனக்குக் கண்ணுக்கு வேலை இருக்கும். அலங்காரம், தீபாராதனை, திரை விலகும் நொடி. அதை நான் நேசிக்கிறேன், விடப் போவதும் இல்லை. இங்கே கண்ணுக்கு இருந்தது எதிர் பெஞ்சு மனிதர்கள் மட்டும். ஒருவர் இருமினார். ஒரு வயதான அம்மா கையைப் பிசைந்துகொண்டிருந்தார். இந்தக் கூரையின் கீழ், அமெரிக்கச் சுதந்திரப் போரின்போது, பிரிட்டிஷ் படை சிறை வைத்திருந்தது, ஆஸ்பத்திரி நடத்தியது, வைக்கோல் அடுக்கியது. போர் முடிந்ததும் திரும்ப வந்து இதே மாதிரி எதிரெதிரே உட்கார்ந்தார்கள். ஏதாவது ஒன்றைப் பார்த்துக் கும்பிட இருந்திருந்தால் அன்று நான் தப்பித்திருப்பேன். ஒரு மணி நேரமும் அக்காவின் மடியில் என் மகள் தூங்கிக்கொண்டிருந்த அந்த விடியற்காலைதான் எதிர் பெஞ்சில் இருந்தது. யாரும் எழுந்து பேசவில்லை. முடிவில் பக்கத்திலிருந்தவர் திரும்பிக் கை கொடுத்தார், அவ்வளவுதான், முடிந்துவிட்டது.

வெளியே வந்து பௌன் ஸ்ட்ரீட் வழியாகக் கோயிலுக்கு நடந்தோம். வழியில் மகளிடம் தாளைப் பற்றிச் சொன்னேன். "நீ ஏன் போட்ட?" என்றாள். பார்க்கிங் என்று சொல்ல வாய் வந்தது. "எல்லாரும் போட்டாங்க. வேண்டாம்னு சொல்லப் பயமா இருந்துச்சு" என்றேன். அவள் ஒன்றும் சொல்லவில்லை, கையை மட்டும் விடாமல் வந்தாள்.

பழைய குடியிருப்பில் இருக்கும் ஒரு தோழியிடம் எண் வாங்கி, அடுத்த வாரம் அக்காவுக்குப் போன் செய்தேன். குரலை வைத்தே கண்டுபிடித்துவிட்டார். மகள் எந்த வகுப்பு, உயரமாகிவிட்டாளா, அங்கே குளிர் எப்படி என்றெல்லாம் கேட்டு முடித்த பிறகு, நான் அந்தத் தாளைப் பற்றிச் சொன்னேன். மன்னிப்புக் கேட்டேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை.

"தெரியும்மா" என்றார். "அந்தத் தாளோட ஒரு காப்பிய எங்க கையிலயும் குடுத்தாங்க. உன் பேரு கடைசியா இருந்துச்சு. அதுவரைக்கும் படிச்சுக்கிட்டே வந்தேன், நீ போட்டிருக்க மாட்டேன்னு."

என்னால் பேச முடியவில்லை. அவர்தான் மறுபடியும் பேச்சைத் தொடர்ந்தார். பையனுக்குக் கல்யாணம் ஆகிவிட்டதாம், பேரன் பிறந்திருக்கிறானாம். இப்போது ஞாயிற்றுக்கிழமை எங்கே கூடுகிறீர்கள் அக்கா என்று கேட்டேன்.

"வீட்லதான்."